அலெக்சாந்தர் செல்கர்க்கும் அவர் வாழ்ந்த தீவும்

இராபின்சன் குரூசோவின் கதையைக் கேளாதவர் நம் கல்லூரியில் ஒருவரேனும் இருப்பரோ என்பது ஐயமே. பள்ளிப் பருவத்திலேயே ஆங்கிலப் பாடப் புத்தகத்தில் அவனைக் கண்டோம். ஆட்டுத்தோல் உடையும் நெடுந்தாடியுமாகக் கடற்கரையில் நின்ற அவன் உருவம் இன்றும் நம் நினைவை விட்டு அகலவில்லை. டேனியல் டிபோ என்னும் ஆங்கில ஆசிரியர் 1719-ஆம் ஆண்டில் வெளியிட்ட அக்கதை கற்பனையே. ஆயினும், ஆளற்ற தீவொன்றில் நான்கு ஆண்டும் நான்கு மாதமும் உண்மையாகவே தனித்து வாழ்ந்த ஒரு மாலுமியின் செய்தி அக்கற்பனைக்கு வித்தாயிற்று என்பர் அறிஞர். அம்மாலுமியின் பெயர் அலெக்சாந்தர் செல்கர்க். குரூசோவை அறிந்தோர் பலர். செல்கர்க்கை அறிந்தோர் சிலர். செல்கர்க்குக்கு உணவும் உடையும் உறையுளும் அளித்துக் காத்த தீவை அறிந்தோரோ மிகச் சிலர். ஆதலின், அம்மனிதரின் வரலாற்றோடு அத்தீவின் வரலாற்றையும் சேர்த்து ஈண்டு ஒருவாறு கூற முற்படுகின்றேன்.

பிறப்பும் இளமையும்

ஸ்காத்லாந்து தேசத்தின் கீழ்க்கரையில், பைப் என்னும் நாட்டில், லார்கோ என்றொரு சிற்றூர் உண்டு. மீன்பிடிப்போர் வாழும் அவ்வூரில் 1676-ஆம் ஆண்டில் செல்கர்க் பிறந்தார். தந்தையார் தோல் பதனிட்டுச் செருப்புத் தைக்கும் தொழிலினர். அவருக்கு இவர் ஏழாவது மகன். தோலை உரித்தல், உலர்த்தல், வெட்டித் தைத்தல் ஆகியவற்றை இவர் சிறு வயதிலேயே தந்தையின் பட்டறையில் கண்டிருத்தல் வேண்டும். அக்கல்வி பிற்காலத்தில் எத்துணைப் பயன்படப் போகிறது என்பதைத் தந்தையாரும் அறியார், மைந்தரும் அறியார்.

இளமையில் இவர் அடங்காத இயல்பினராக இருந்தார். 1695-ஆம் ஆண்டில், கோயிலினுள் ஒழுங்கீனமாக நடந்துகொண்ட குற்றத்திற்காகத் திருச்சபை மூப்பர்கள் இவரைத் தம் முன்வரக் கட்டளையிட்டனர். இவரோ அவர்கள் முன் நிற்பதினும் கடல்மேற் செல்வதே நலமென்று கருதி ஊரை விட்டகன்றார். சில ஆண்டுகள் கழித்து மீண்டு வந்தபோதும் குணம் மாறவில்லை. 1701-ஆம் ஆண்டில் ஒருநாள், நல்ல நீரென்று எண்ணி உப்புநீரைப் பருகிவிட்டார். அதனைக் கண்டு தம்பி சிரிக்க, இவர் சினங்கொண்டு அவனைப் புடைத்தார். தடுக்க வந்த தந்தையோடும் தமையனோடும் மல்லுக்கு நின்றார். இம்முறை திருச்சபையின் முன் நின்று, கடிந்துரையை ஏற்று, இனித் திருந்தி நடப்பதாக வாக்களிக்க நேர்ந்தது. அதன்பின் ஊரில் தங்க இவர் மனம் இசையவில்லை.

கடற்பயணமும் பிணக்கும்

அக்காலத்தில் இங்கிலாந்துக்கும் ஸ்பானிய தேசத்துக்கும் போர் மூண்டிருந்தது. பகைவரின் கப்பல்களைக் கொள்ளையிட அரசாங்கத்தாரிடம் உரிமைச்சீட்டுப் பெற்றுப் பல கப்பல்கள் புறப்பட்டன. 1703-ஆம் ஆண்டில், உலகைச் சுற்றி வந்த புகழ்பெற்ற மாலுமியாகிய வில்லியம் டாம்பியர் இரண்டு கப்பல்களுடன் தென்கடலை நோக்கிச் சென்றார். அவற்றுள் 'சிங்க் போர்ட்ஸ்' என்னும் கப்பலில் வழிசெலுத்தும் தலைமை மாலுமியாகச் செல்கர்க் அமர்ந்தார். வழியில் அக்கப்பலின் தலைவர் இறந்துபடவே, ஸ்ட்ராட்லிங் என்னும் இளைஞர் தலைமை ஏற்றார். அவருக்கும் செல்கர்க்குக்கும் தொடக்கமுதல் ஒத்துவரவில்லை.

இரு கப்பல்களும் பிரிந்தபின், 1704-ஆம் ஆண்டின் பிற்பகுதியில் 'சிங்க் போர்ட்ஸ்' கப்பல் நீரும் விறகும் வேண்டி ஜுவான் பெர்னாந்தெஸ் தீவுகளை அடைந்தது. மரத்தைத் துளைக்கும் கடற்புழுக்கள் கப்பலின் அடிப்பலகையைச் சல்லடைக் கண்ணாக்கியிருந்தன. அதனைச் செப்பனிடாது மீண்டும் கடலேறுதல் சாவை நாடிச் செல்வதாகும் என்று செல்கர்க் வாதித்தார். தலைவர் செவிசாய்க்கவில்லை. சினம் மேலிட்ட செல்கர்க், இக்கப்பலில் வருவதினும் இத்தீவிலேயே தங்கிவிடுவேன் என்றார். தலைவரும் அதுவே தக்கதென்று அவரைக் கரையில் இறக்கினார். உடுப்பு, படுக்கை, துப்பாக்கி, சிறிது வெடிமருந்து, கோடரி, கத்தி, சமையற் பாத்திரம், வேதாகமம், கடல்வழி காணும் கருவிகள் ஆகியவையே அவருடைய உடைமைகள். படகு கரையை விட்டு நீங்கியபோது அவர் நெஞ்சு துணுக்குற்றது. மனம் மாறித் தம்மையும் ஏற்றிச் செல்லுமாறு மன்றாடினார். தலைவர் இரங்கவில்லை, படகு திரும்பவில்லை.

அவர் அஞ்சியது பொய்க்கவில்லை. சிலகாலத்துக்குள் அக்கப்பல் அழிந்தது. மாண்டவர் பலர், பிழைத்த சிலர் ஸ்பானியரிடம் சிறைப்பட்டுத் துன்புற்றனர். கைவிடப்பட்டவரே காக்கப்பட்டார்.

தீவின் இயல்பு

அவரைக் காத்த அந்நிலம் எத்தகையது என்பதை இனிக் காண்போம். தென்னமெரிக்காவின் மேல்கரையிலுள்ள சிலி நாட்டிலிருந்து 400 மைலுக்கு மேல் மேற்கே, பசிபிக் மாகடலின் நடுவே, ஜுவான் பெர்னாந்தெஸ் தீவுகள் நிற்கின்றன. இவை கண்டத்திலிருந்து பிரிந்த துண்டுகள் அல்ல. கடலின் அடித்தளத்தில் எரிமலைகள் வெடித்துக் கக்கிய குழம்பு இறுகி, அடுக்கடுக்காய் உயர்ந்து, நீருக்குமேல் தலையெடுத்த மலைகளே இத்தீவுகள். செல்கர்க் வாழ்ந்த தீவு தோன்றி ஏறக்குறைய 40 லட்சம் ஆண்டுகள் ஆயின என்பர் நிலநூலார். அதன் பரப்பு 20 சதுர மைலுக்கும் குறைவே. எனினும் அதன் உயர்ந்த சிகரம் 3,000 அடி ஓங்கி முகில் சூடி நிற்கின்றது.

நெருப்பில் பிறந்த வெறும் பாறைக்கு உயிர்கள் எவ்வாறு வந்தன? காற்றில் பறந்த நுண்விதைகளும், பறவையின் காலில் ஒட்டிய வித்துக்களும், கடலில் மிதந்து வந்தவையும், வழிதவறிய பறவைகளும் எப்போதோ ஒருமுறை வந்து சேர்ந்தன. வந்தவை திரும்பவில்லை. தனிமையில் பல்லாயிரந் தலைமுறை பெருகி, உலகில் வேறெங்கும் காணப்பெறாத இனங்களாக மாறின. செந்நிறங்கொண்ட ஓசனிச்சிட்டு அவற்றுள் ஒன்று. நம் நாட்டுத் தேன்சிட்டைப் போல் இதுவும் மலர்த்தேனை உண்பதாயினும், மலரின் முன்னே அந்தரத்தில் சிறகடித்து நின்றபடியே உண்ணும். ஆண் பறவை செங்கல் நிறத்தது. பெண் பறவை பச்சையும் வெண்மையும் கலந்தது. இரண்டும் இருவேறு இனங்கள் என்றே முதலில் ஆராய்ச்சியாளரும் மயங்கினர். தீவுக்கே உரிய சந்தன மரமும், தீவுக்கே உரிய பனையும் அங்கு வளர்ந்தன. கரையில் மென்மயிர்க் கடல்நாய்கள் எண்ணிறந்தன கிடந்தன. மாலுமிகள் கடற்சிங்கம் என்று அழைத்த பெருங் கடல்யானைகளும் வந்து ஈன்றன.

ஆனால் இலையை மேயும் விலங்கொன்றும், பறவைக் கூட்டைத் தேடி மரமேறும் விலங்கொன்றும் அத்தீவில் இயற்கையாக இருந்ததில்லை. கால்நடையாகக் கடலைக் கடக்க எவ்விலங்காலும் இயலாதன்றோ? ஆகவே அங்கிருந்த செடிகள் ஆட்டின் பல்லை அறியா. பறவைகள் பூனையின் நகத்தை அறியா.

1574-ஆம் ஆண்டில் ஜுவான் பெர்னாந்தெஸ் என்னும் ஸ்பானிய மாலுமி இத்தீவுகளைக் கண்டார். அதன்பின் ஸ்பானியர் ஆடுகளைக் கொணர்ந்து விட்டனர். வழிச்செல்லும் கப்பல்கள் இறைச்சி பெறுவதற்கு அஃது எளிய உபாயமாக இருந்தது. எலிகள் எவரும் கொணராமலே கப்பல்களிலிருந்து இறங்கின. பூனைகளும் அவ்வாறே கரை சேர்ந்தன. செல்கர்க் வருமுன்னரே இம்மூன்றும் தீவில் பல்கிப் பெருகிவிட்டன. இதனை நாம் நினைவிற் கொள்ளல் வேண்டும். ஏனெனில் அவருடைய வாழ்வும் இம்மூன்றோடுதான் பிணைந்திருந்தது.

தனிமையும் தேர்ச்சியும்

முதல் எட்டு மாதமும் அவர் பட்ட துயரம் பெரிது. கடற்கரையை விட்டு நீங்க மனமின்றி, கப்பல் ஏதேனும் வருமோ என்று தொடுவானத்தையே நோக்கியிருந்தார். பசி வாட்டிய பின்னரே உண்டார். கண் தாமே மூடிய பின்னரே உறங்கினார். உப்பின்றி உண்ண நா இசையவில்லை. இரவில் கடல்யானைகளின் முழக்கம் அவரை அச்சுறுத்தியது.

நாளடைவில் மனம் தேறியது. மணமுள்ள ஒருவகை மரத்தின் கம்புகளால் இரண்டு குடிசைகள் அமைத்து, நீண்ட புல்லால் வேய்ந்து, உட்புறம் ஆட்டுத்தோலைப் பரப்பினார். சிறியது சமையற்கு, பெரியது உறக்கத்திற்கும் வழிபாட்டிற்கும். அம்மரத்தின் இரு கட்டைகளை முழங்காலின்மேல் வைத்துத் தேய்த்துத் தீ உண்டாக்கினார். அதன் காய்கள் மிளகுபோல் உணவுக்குச் சுவை தந்தன. முன்வந்த மாலுமிகள் விதைத்துப் போன கிழங்குச் செடிகளும், பனையின் குருத்தும், கரையோரத்துச் சிங்கி இறாலும், ஆட்டிறைச்சியும் அவருக்கு உணவாயின. உடுப்பு கிழிந்தபோது தந்தையின் தொழில் கைகொடுத்தது. ஆணியை ஊசியாகக் கொண்டு, ஆட்டுத்தோலைக் கீறிய வாரினால் சட்டையும் தொப்பியும் தைத்துக்கொண்டார். கத்தி தேய்ந்து முதுகளவே நின்றபோது, கரையில் கிடந்த பீப்பாயின் இரும்பு வளையங்களை அடித்துத் தீட்டிப் புதிய கத்தி செய்தார்.

வெடிமருந்து தீர்ந்தபின் ஆட்டைக் காலாலேயே துரத்திப் பிடிக்கக் கற்றார். காலணியின்றி மலையிலும் புதரிலும் ஓடி ஓடி அவர் பாதம் கல்லைப்போல் உறுதியாயிற்று. ஒருநாள் ஓர் ஆட்டைப் பற்றிய வேகத்தில், புதர் மூடியிருந்த பள்ளத்தை அறியாது, ஆட்டோடு பாறையின் உச்சியிலிருந்து வீழ்ந்தார். ஏறக்குறைய ஒரு நாள் முழுதும் உணர்வற்றுக் கிடந்து கண்விழித்தபோது, அவ்வாடு தமக்குக் கீழே மாண்டு கிடப்பதைக் கண்டார். அதன் உடல் தாங்கியதாலேயே அவர் உயிர் பிழைத்தார். தவழ்ந்து தவழ்ந்து குடிசையை அடைந்து, பத்து நாள் வெளிவர இயலாமல் கிடந்தார்.

இரவுதோறும் எலிகள் அவருடைய உடையையும் காலையும் கறித்தன. இதற்கு மருந்தாகப் பூனைக்குட்டிகளுக்கு ஆட்டிறைச்சி இட்டுப் பழக்கினார். சின்னாளில் பூனைகள் கூட்டங்கூட்டமாய் அவரைச் சூழ்ந்து படுத்தன. எலிகளின் தொல்லை ஒழிந்தது. ஆட்டுக்குட்டிகளையும் வளர்த்தார். நோயுற்ற காலத்தில் உணவுக்கு முட்டுப்படாதிருக்கும் பொருட்டு, சில குட்டிகள் விரைந்து ஓடாதவாறு அவற்றின் காலை முடமாக்கியும் வைத்தார். மாலையில் குட்டிகளோடும் பூனைகளோடும் பாடி ஆடிப் பொழுதைக் கழித்தார்.

வழிபாடும் மாற்றமும்

கோயிலில் ஒழுங்கீனம் செய்தவரென்று மூப்பர்களால் அழைக்கப்பெற்ற அதே மனிதர், கோயிலும் குருவும் இல்லாத அத்தீவில் காலையும் மாலையும் வேதாகமம் ஓதினார், சங்கீதங்களைப் பாடினார், முழங்காற்படியிட்டு வேண்டினார். பேச்சு மறந்துவிடாதிருக்க வாய்விட்டே படித்தார். இத்தனிமையில் இருந்ததுபோல் நல்ல கிறிஸ்தவனாக முன்னும் இருந்ததில்லை, பின்னும் இருப்பேனோ என அஞ்சுகிறேன் என்ற கருத்துப்பட அவர் பின்னர்ச் சொன்னதாக, அவரை மீட்ட கப்பல் தலைவர் எழுதி வைத்தார். சினந்து எழுந்த கைக்கு அங்கே அடிக்க ஒருவரும் இல்லை என்று எளிதாகக் கூறிவிடலாம். ஆயினும் தனிமை எல்லோரையும் திருத்துவதில்லை. பலரைப் பித்தராக்கியும் விடும். அவரை நிலைநிறுத்தியவை வழிபாடும் இடைவிடா உழைப்புமே என்று தோன்றுகின்றது.

அவர் கணக்கிலும் கருத்துள்ளவர். தாம் கொன்ற ஆடுகள் ஏறக்குறைய 500 என்று எண்ணி வைத்திருந்தார். ஏறக்குறைய அத்துணை ஆடுகளையே பிடித்து, காதில் ஓர் அடையாளம் கீறி, உயிரோடு விட்டுவிட்டார். வேண்டியதற்கு மேல் கொல்லாமை அவர் தமக்குத் தாமே விதித்துக்கொண்ட நெறி என்று இதனைக் கொள்ளலாம். வெறும் ஓட்டத்தின் மகிழ்ச்சிக்காகவும் பிடித்திருக்கலாம். எவ்வாறாயினும், பிடித்த கை விடவும் அறிந்திருந்தது.

மீட்சி

1709-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில், வுட்ஸ் ரோஜர்ஸ் என்பவரின் தலைமையில் இரண்டு ஆங்கிலக் கப்பல்கள் தீவை நெருங்கின. இரவில் கரையில் தோன்றிய தீயைக் கண்டு பகைவரோ என்று அஞ்சினர். மறுநாள் படகிற் சென்றவர்கள் ஆட்டுத்தோல் போர்த்த ஒரு மனிதரைக் கண்டனர். அவர் பேசினார், ஆயினும் சொற்கள் பாதி பாதியாகவே வெளிவந்தன. அக்கப்பலுக்கு வழிகாட்டியாக வந்திருந்தவர் வேறெவருமல்லர்; பழைய டாம்பியரே. இவர் நல்ல மாலுமி என்று அவர் சான்று கூறவே, ரோஜர்ஸ் அவரைத் துணை மாலுமியாக ஏற்றுக்கொண்டார்.

நெடுநாள் கீரையும் பழமுமின்றிக் கடலில் திரிந்ததால் மாலுமிகளுட் பலர் ஸ்கர்வி நோயால் நலிந்திருந்தனர். செல்கர்க் நாள்தோறும் இரண்டு மூன்று ஆடுகளை ஓடிப் பிடித்துக் கொணர்ந்தார். கப்பலின் நாயும் வேகத்திற் சிறந்த ஆட்களும் அவரோடு ஓட மாட்டாது களைத்தனர். அவரைத் தீவின் கவர்னர் என்று மாலுமிகள் விளையாட்டாக அழைத்தனர். குடிகள் இல்லாத நாட்டுக்குக் கவர்னர்!

அதன்பின் அவர் கப்பற் கொள்ளைகளிற் பங்குகொண்டார். கைப்பற்றிய கப்பலொன்றுக்குத் தலைவராகவும் அமர்ந்தார். 1711-ஆம் ஆண்டு அக்டோபரில் இங்கிலாந்து சேர்ந்தார். அவர் பங்குக்கு ஏறக்குறைய 800 பவுன் கிடைத்தது. 1712-இல் ரோஜர்ஸ் எழுதிய பயண நூலும், 1713-இல் ரிச்சர்டு ஸ்டீல் எழுதிய கட்டுரையும் அவர் பெயரைப் பரப்பின. கையில் ஒரு காசும் இல்லாதிருந்த காலத்து இன்பம் இப்பணத்தால் வரவில்லை என்று அவர் வருந்தியதாக ஸ்டீல் குறித்தார். முதலில் கண்டபோது அவர் முகத்தில் ஒருவித அமைதி விளங்கிற்று. சில மாதங்கள் கழித்துத் தெருவிற் கண்டபோது நகர வாழ்க்கையால் முகம் மாறி, அடையாளமே தெரியவில்லை என்பதும் அவர் குறிப்பு. பழைய சினமும் திரும்பியது. 1713-இல் ஒருவரைத் தாக்கியதாக அவர்மீது குற்றச்சாட்டு எழுந்தது. லார்கோவில் தந்தையின் தோட்டத்துள் குகைபோல் ஓரிடம் அமைத்து அதில் தனித்திருப்பார் என்பது ஊரார் வழிவழி கூறும் செய்தி. நிலம் அவருக்கு ஒத்துவரவில்லை. அரசாங்கக் கப்பற்படையிற் சேர்ந்து, மேற்கு ஆப்பிரிக்கக் கரையோரம் 'வெய்மத்' என்னும் போர்க்கப்பலில் பணியாற்றுகையில், காய்ச்சல் கண்டு 1721-ஆம் ஆண்டு டிசம்பர் 13-ஆம் நாள் உயிர்நீத்தார். அவருடலைக் கடல் ஏற்றுக்கொண்டது.

கவர்னர் நீங்கிய தீவு

இத்துடன் வரலாறு முடிந்ததென்று நூலை மூடிவிடுதல் வழக்கம். ஆனால் தீவு முடிந்துவிடவில்லை.

ஆங்கிலக் கப்பல்களுக்கு ஆடுகள் உணவாவதைக் கண்ட ஸ்பானியர், அவற்றை ஒழிக்க நாய்களைக் கொணர்ந்து விட்டனர். ஆடுகள் நாய் எட்டமுடியாத செங்குத்துப் பாறைகளில் ஏறித் தப்பின. 1741-ஆம் ஆண்டில் ஆன்சன் என்னும் ஆங்கிலத் தளபதி, நோயால் நலிந்த மாலுமிகளுடன் அங்கே இறங்கினார். அவருடைய ஆட்கள் கொன்ற முதல் ஆட்டின் காது கீறப்பட்டிருந்தது. இது செல்கர்க் இட்ட அடையாளமே என்று அவர்கள் வியந்தனர். இடையே 32 ஆண்டுகள் சென்றதை எண்ணுவோர் இதனை ஐயுறலாம். எனினும் அக்கதை நிலைத்துவிட்டது. ஆன்சன் நல்லெண்ணமுடையவர். பின்வருவோர்க்கு உதவும் பொருட்டுக் கீரை விதைகளைத் தூவி, பழக்கொட்டைகளையும் ஊன்றிச் சென்றார். இவ்வாறு வந்தவர் ஒவ்வொருவரும் தம் நாட்டிலிருந்து ஏதோ ஒன்றை அத்தீவில் விட்டே சென்றனர்.

அதன்பின் வந்தவர்கள் நல்லெண்ணத்தோடு வரவில்லை. 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் கடல்நாய்த் தோலுக்குச் சீன தேசத்துக் கான்டன் சந்தையில் நல்ல விலை கிடைத்தது. மக்கள் வாழாத மேற்குத் தீவில் வேட்டைக் கப்பல்கள் கூட்டமாய் நங்கூரமிட்டன. ஏழு ஆண்டுகளில் 30 லட்சத்துக்கு மேற்பட்ட தோல்கள் கான்டனுக்குச் சென்றன என்று அமாசா டிலானோ என்னும் அமெரிக்கக் கப்பல் தலைவர் கணக்கிட்டார். மனிதரைக் கண்டு ஓட அறியாத விலங்கைத் தடியால் அடித்துக் கொல்லுதற்கு வீரம் வேண்டியதில்லை. கரைகள் வெறிச்சோடின, கடல்யானைகள் முற்றும் அகன்றன. மென்மயிர்க் கடல்நாய் உலகினின்றே மறைந்தது என்று அறிஞர் நெடுங்காலம் எண்ணியிருந்தனர்.

சந்தன மரத்தின் கதியும் அதுவே. மணத்துக்காக வெட்டியவர்கள் மூன்று நூற்றாண்டுகளாக வெட்டினர். முளைத்தெழுந்த கன்றுகளுக்கு ஆடும் எலியும் எமனாயின. 1908-ஆம் ஆண்டில் கார்ல் ஸ்காட்ஸ்பெர்க் என்னும் சுவீடன் தாவர நூலார் உயிருள்ள ஒரே ஒரு சந்தன மரத்தைக் கண்டு நிழற்படம் எடுத்தார். அதன்பின் அவ்வினத்து மரத்தை உயிரோடு எவரும் கண்டதில்லை. செந்நிற ஓசனிச்சிட்டு இன்று செல்கர்க் வாழ்ந்த தீவில் மட்டுமே, அழிவின் விளிம்பில் வாழ்கின்றது. வந்தேறிய முட்செடிகள் அதற்குத் தேன் தரும் மரங்களின் இடத்தைக் கவர்ந்தன. பூனைகளும் எலிகளும் அதனை வேட்டையாடுகின்றன. செல்கர்க்கை எலியிடமிருந்து காத்து, அவர் பாட்டுக்கு உடன் ஆடிய பூனைகளின் இனமே அது!

ஈண்டுத்தான் என் மனம் தடைப்படுகின்றது. செல்கர்க் பேராசையுடையவர் அல்லர். பசித்தபோது கொன்றார், மிகுந்தவற்றை விட்டார். காதில் கீறி ஆட்டை விடுவித்த செயலைப் படிக்குந்தோறும் நான் அதனை அருட்செயலென்றே போற்றி வந்தேன். ஆனால் அத்தீவில் விடுபட்ட ஒவ்வோர் ஆடும் ஒரு மரக்கன்றுக்குக் கூற்றமாயிற்று. ஆட்டிற்குக் காட்டிய இரக்கம் மரத்திற்கு இரக்கமின்மையாக முடிந்தது. இதனை அவர் அறியார். அறிதற்கு அக்காலத்தில் வழியுமில்லை. ஆதலின் குற்றம் அவர்மேல் இல்லை. அறிந்தபின்னும் வாளாவிருப்பார்மேலேயே அது சாரும். அன்பு மட்டும் போதாது. அன்பு செலுத்தும் இடத்தின் இயல்பை அறிதலும் வேண்டும் என்பதே இவ்வரலாறு எனக்குக் கற்பித்த பாடம்.

மகிழ்தற்குரிய செய்தியும் உண்டு. சிலி அரசாங்கத்தார் 1935-ஆம் ஆண்டில் இத்தீவுகளைத் தேசியப் பூங்காவாக அறிவித்தனர். 1965-ஆம் ஆண்டில், அழிந்தொழிந்தது என்று கருதப்பட்ட மென்மயிர்க் கடல்நாய்களில் ஏறக்குறைய 200, பாறை இடுக்குகளில் உயிரோடிருக்கக் காணப்பட்டன. 1978-இல் சட்டம் அவற்றுக்குக் காவலாயிற்று. இன்று அவை பல்லாயிரமாகப் பெருகிக் கரைகளை நிரப்புகின்றன. பக்கத்துச் சிறுதீவாகிய சாந்தா கிளாராவில் 2003-ஆம் ஆண்டளவில் முயல்களை முற்றும் அகற்றினர். அங்கே பழைய செடிகள் மீண்டும் தழைக்கலாயின. முயலையும் ஆட்டையும் பூனையையும் அகற்றுவோரைக் கொடியர் என்று நாம் எளிதில் கூறிவிட முடியாது. விட்ட கையின் பிழையைத் திருத்தும் கைகள் அவை.

பெயரளவில் செல்கர்க்குக்குக் குறையில்லை. பிறந்த ஊரில் 1885-ஆம் ஆண்டு முதல் அவருடைய வெண்கலச் சிலை நிற்கின்றது. அவர் கப்பலை எதிர்நோக்கி ஏறி நின்ற மலைக் கணவாயில் 1868-இல் ஆங்கிலப் போர்க்கப்பலொன்றின் அதிகாரிகள் நினைவுப் பலகை பதித்தனர். 1966-ஆம் ஆண்டில் சிலி அரசாங்கத்தார் அவர் வாழ்ந்த தீவுக்கு இராபின்சன் குரூசோ தீவு என்றும், அவர் காலடியே படாத மேற்குத் தீவுக்கு அலெக்சாந்தர் செல்கர்க் தீவு என்றும் பெயரிட்டனர். வாழ்ந்தவரின் தீவைக் கதை கொண்டது. வாழாத தீவு வாழ்ந்தவருக்குக் கிடைத்தது.

மாலுமிகள் அவரைக் கவர்னர் என்று அழைத்தது நகைச்சுவைக்காக. ஆயினும் குடிகள் இல்லாத நாடன்று அது. ஓசனிச்சிட்டும் சந்தனமும் கடல்நாயும் அதன் குடிகள். அவற்றின் முறையீட்டைக் கேட்பார் முந்நூறு ஆண்டுகளாக இல்லாதிருந்தனர். இப்போது சிலர் கேட்கின்றனர். விடுமுறையில் இராபின்சன் குரூசோவை மீண்டும் எடுத்துப் படிக்கும் நண்பர்கள், குரூசோவின் குடையையும் கிளியையும் கண்டு மகிழ்வதோடு, அக்கதையில் இடம்பெறாத அச்செந்நிறச் சிட்டையும் ஒரு கணம் நினைப்பார்களாக.